குளத்து நீரில் நெளிவது எது? பெயர் சொல்வதற்கு முன் பார்க்க வேண்டியவை

"மூளையைத் தின்னும் அமீபா" பற்றி ஒரு செய்தி வந்துவிட்டால் போதும், குளத்து நீரைச் சொட்டு எடுத்து நுண்ணோக்கியில் பார்ப்பவர்கள் கூடிவிடுவார்கள். வடிவம் மாறி மாறி ஊர்கிற ஏதோ ஒன்று கண்ணில் படும். படம் பிடித்து, "இது அதுதானா?" என்று கேட்பார்கள். ஐந்து பேர் ஐந்து பெயர் சொல்வார்கள். பச்சைப் படலம் கட்டிய குளத்துக்கும் இதே கதைதான். சாதாரணப் பாசி என்பார் ஒருவர், விஷப்பாசி என்பார் இன்னொருவர்.

பெயரை முதலில் தேடுவதால் வரும் குழப்பம் இது. படத்தோடு படத்தை ஒப்பிட்டால் கிடைப்பது பெரும்பாலும் ஊகம்தான். முதலில் அளவு, பிறகு அசைவு, அப்புறம் நிறமும் உள்ளமைப்பும் என்று போனால் பெயர் தானாக நெருங்கி வரும். சில பெயர்களோ எவ்வளவு உற்றுப் பார்த்தாலும் நுண்ணோக்கியில் வராது. எது வரும், எது வராது என்பதை அடிப்படையிலிருந்து பார்ப்போம்.

## ஒரு துளிக்குள் யார் யார்?

நுண்ணுயிர் என்பது ஓர் இனத்தின் பெயர் அல்ல. மிகச் சிறியவை என்ற ஒரே பொருத்தத்தில் சேர்ந்த கூட்டம் அது. ஒன்றுக்கொன்று உறவே இல்லாத பலர் அதில் இருக்கிறார்கள். குளத்துத் துளியில் வழக்கமாகத் தென்படுபவர்களை ஐந்தாகப் பிரிக்கலாம். (மைக்ரான் என்பது மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு.)

1. பாக்டீரியா. பெரும்பாலும் ஒன்றிரண்டு மைக்ரான். 400 மடங்கு பெரிதாக்கினாலும் புள்ளிகளாகவும் சிறு கோடுகளாகவும்தான் தெரியும்.
2. நீலப்பச்சைப் பாசி. பெயரில்தான் பாசி. உண்மையில் ஒளிச்சேர்க்கை செய்யும் பாக்டீரியா. செல்லுக்குள் உட்கருவும் இல்லை, பசுங்கணிகமும் இல்லை.
3. பாசிகள். பச்சைப் பாசி, கண்ணாடிபோன்ற சிலிக்கா ஓடு கொண்ட டயாட்டம், இரண்டு பாதிகளும் அச்சு மாறாமல் ஒன்றுபோல் இருக்கும் டெஸ்மிட் ஆகியவை.
4. இரை தேடி உண்ணும் ஒருசெல் உயிரிகள். பாரமீசியம், அமீபா, வோர்ட்டிசெல்லா, ஸ்டென்டார் போன்றவை.
5. நுண் விலங்குகள். ரோட்டிபர், உருளைப்புழு, நீர்க்கரடி, சைக்ளாப்ஸ், டாப்னியா. இவை பல செல்களால் ஆனவை. வாய், குடல், தசை எல்லாம் உண்டு.

பெரியதாக இருந்தால் விலங்கு, சிறியதாக இருந்தால் ஒருசெல் உயிரி என்று நினைப்பது முதல் பிழை. ஊதுகுழல் வடிவில் இருக்கும் ஸ்டென்டார் ஒரே ஒரு செல்தான், ஆனால் நன்றாக நீண்டால் 1 மில்லிமீட்டரைத் தாண்டும். அதன் பக்கத்தில் நீந்தும் ரோட்டிபரின் உடலில் ஏறக்குறைய ஆயிரம் செல்கள் இருக்கும், நீளமோ பல சமயம் அதில் கால்பங்குகூட வராது.

இரண்டாவதும் நான்காவதும் வேறு வேறு என்பதுபோல் எல்லாக் கோடுகளும் தெளிவானவை அல்ல. யூக்ளினா பச்சையாக இருந்து வெயிலில் உணவு தயாரிக்கும். கசையிழையை அசைத்து நீந்தவும் செய்யும். அதைப் பாசியில் சேர்ப்பதா, நான்காம் கூட்டத்தில் சேர்ப்பதா என்று திணற வேண்டாம். யூக்ளினா என்று எழுதினால் போதும்.

## மாதிரி எடுக்கும்போதே பாதி விடை

குளத்தின் நடுவில் தெளிந்த நீரை மொண்டு வந்து பார்த்தால் பெரும்பாலும் ஏமாற்றம்தான். உயிர்கள் ஏதாவது ஒரு பரப்பை ஒட்டியே அதிகம் வாழ்கின்றன. நீர்ச்செடியின் தண்டையும் இலையையும் ஒரு பாத்திரத்துக்குள் மெல்லப் பிழிந்த நீர், சேற்றின் மேல் படிந்த பழுப்புத் தூசி, மேற்பரப்புப் படலம் ஆகிய மூன்றையும் தனித்தனிப் புட்டிகளில் எடுக்க வேண்டும். பாதிப் புட்டி நீர், பாதி காற்று. தேதியும் எடுத்த இடமும் புட்டியிலேயே எழுதி ஒட்டிவிட வேண்டும்.

எடுத்த அன்றே பார்ப்பது நல்லது. மூடிய புட்டியில் ஆக்சிஜன் குறையக் குறைய சில உயிர்கள் மடியும், பாக்டீரியா பெருகும், பாக்டீரியாவைத் தின்பவை அதற்குப் பின்னால் பெருகும். நான்கு நாள் கழித்துப் பார்ப்பது புட்டியின் உயிர்களை. குளத்தில் அதே விகிதத்தில் அவை இருந்தன என்று சொல்ல முடியாது.

## அளவு: எல்லாவற்றுக்கும் முதல்

அளவு தெரியாத படத்துக்கு யாராலும் நம்பகமான பெயர் தர முடியாது. "400 மடங்கில் எடுத்தேன்" என்பது அளவு ஆகாது. படத்தைத் திரையில் பெரிதாக்கினால் அந்தக் கணக்கு கெட்டுவிடும்.

சிறப்புக் கருவி இல்லாமலே அளக்க ஒரு வழி உண்டு. கண்ணருகு வில்லையின் மேல் 10× என்பதோடு 18 அல்லது 20 என்று ஓர் எண் பொறித்திருக்கும். அது புல எண். அந்த எண்ணைப் பொருளருகு வில்லையின் பெருக்கத்தால் வகுத்தால், தெரியும் வட்டத்தின் விட்டம் மில்லிமீட்டரில் கிடைக்கும். புல எண் 18, பொருளருகு வில்லை 10 மடங்கு என்றால் வட்டத்தின் அகலம் 1.8 மில்லிமீட்டர். 40 மடங்கு வில்லையில் அதே வட்டம் 0.45 மில்லிமீட்டராகச் சுருங்கும்.

இப்போது 10 மடங்கு வில்லையில் ஒரு செருப்பு வடிவ உயிர் வட்டத்தின் குறுக்கே எட்டில் ஒரு பங்கு இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். 1.8 ÷ 8, அதாவது சுமார் 0.22 மில்லிமீட்டர், 220 மைக்ரான். பாரமீசியம் காடேட்டத்தின் நீளம் ஏறக்குறைய 170 முதல் 330 மைக்ரான்வரை. பொருந்துகிறது. அதே வடிவம் 40 மைக்ரானில் இருந்திருந்தால் பாரமீசியம் என்ற பேச்சுக்கே இடமில்லை, செருப்பு மாதிரி இருக்கிறது என்பதால் மட்டும் அது பாரமீசியம் ஆகிவிடாது.

ஒப்பிடுவதற்குச் சில அளவுகள்: யூக்ளினாவில் அடிக்கடி தென்படும் இனங்கள் 50 மைக்ரான் அளவில் இருக்கும். கிளமிடோமோனாஸ் என்ற ஒருசெல் பச்சைப் பாசி 10 மைக்ரானை ஒட்டி. ரோட்டிபர் பெரும்பாலும் 100 முதல் 500வரை. பள்ளிப் பாடநூலில் வரும் அமீபா புரோட்டியஸ் நீண்டால் 500 மைக்ரானையும் தாண்டும். மனிதத் தலைமுடியின் தடிமன் 50 முதல் 100 மைக்ரான் என்பதை மனதில் வைத்துக்கொண்டால் இவை எல்லாம் கண்ணுக்குள் உட்கார்ந்துவிடும்.

## அசைவு: உயிரின் கையெழுத்து

1676இல் லீவன்ஹுக் என்ற டச்சுக்காரர், தானே தேய்த்த ஒற்றை வில்லையில் நீரைப் பார்த்து நீண்ட கடிதம் எழுதினார். அவரிடம் பெயர்ப் பட்டியல் எதுவும் இல்லை. எவ்வளவு பெரிது, எப்படி அசைகிறது என்பதை மட்டும் விடாமல் எழுதினார். வால் சுருண்டு இழுத்துக்கொள்ளும் ஓர் உயிரைப் பற்றி அவர் எழுதியதைப் படித்து, அது வோர்ட்டிசெல்லா என்று இன்றைய அறிஞர்கள் சொல்கிறார்கள். அசைவைச் சரியாக எழுதிவைத்தால் முந்நூறு ஆண்டுகள் கழித்தும் பெயர் கிடைக்கிறது.

கவனிக்க வேண்டியவை இவை:

1. வழுக்கிக்கொண்டு போகிறதா? உடலைச் சுற்றிக் குற்றிழைகள் (மயிர்போன்ற குட்டை இழைகள்) இருந்தால் அசைவு வழுவழுப்பாக இருக்கும். பாரமீசியம் தன்னைத் தானே சுற்றியபடி திருகுபோல் முன்னேறும். எதிலாவது முட்டினால் சற்றுப் பின்வாங்கி, கோணம் மாற்றி, மறுபடி முன்னே போகும். தடை விலகும்வரை இதையே திரும்பத் திரும்பச் செய்யும். இந்த முட்டல், பின்வாங்கல், திரும்பல் வரிசையை ஒருமுறை பார்த்தவருக்கு மறக்காது.

2. நடக்கிறதா? யூப்ளோட்டஸின் அடிப்பக்கத்தில் குற்றிழைகள் கற்றையாகச் சேர்ந்து கால்போல் ஆகியிருக்கும். அது பாசி இழையின் மேல் பூச்சிபோல் நடந்து போகும். கால் இருக்கிறதே என்று பூச்சி என நினைத்துவிடக் கூடாது. அதுவும் ஒரு செல்தான்.

3. ஓரிடத்தில் நின்று சட்டென்று சுருங்குகிறதா? மணி வடிவத் தலை, நீண்ட காம்பு, தட்டினால் காம்பு வில்சுருள்போல் சுருண்டு, பிறகு மெதுவாக நிமிரும். வோர்ட்டிசெல்லா. சுருங்குவது சில மில்லி நொடிகளில் முடிந்துவிடும், கண் தொடர முடியாது. நிமிர்வதோ நின்று பார்க்கும் அளவுக்கு நிதானம்.

4. தலையில் சக்கரம் சுழல்கிறதா? ரோட்டிபர். உண்மையில் எதுவும் சுழல்வதில்லை. குற்றிழைகள் ஒன்றன்பின் ஒன்றாக அலைபோல் அடிப்பதால் அப்படித் தோன்றுகிறது. சக்கரத்தைவிட நம்பகமான அடையாளம் ஒன்று உண்டு. உடலின் முன்பாதியில், தோலுக்கு உள்ளே, ஒரு சிறு தாடை விடாமல் அரைத்துக்கொண்டிருக்கும். அரைக்கும் தாடை தெரிந்தால் ரோட்டிபர் என்று தயங்காமல் எழுதலாம்.

5. சவுக்குபோல் துள்ளுகிறதா? உருளைப்புழுவுக்கு நீளவாக்குத் தசைகள் மட்டுமே உண்டு, வளையத் தசைகள் இல்லை. அதனால் மண்புழுபோல் நீண்டு சுருங்க முடியாமல் இடமும் வலமும் வளைந்து உதறிக்கொள்ளும்.

6. நேர்கோட்டில் வண்டிபோல் போய், நின்று, வந்த வழியே திரும்புகிறதா? பொன்பழுப்பு நிறமும் படகு வடிவமும் இருந்தால் டயாட்டம்.

7. பச்சை இழை மெல்ல ஊசலாடுகிறதா? இழைப் பாசி பெரும்பாலும் அசையாது. காற்றோ நீரோட்டமோ இல்லாமல் இழை தானே வழுக்கி, நுனி ஆடினால் ஆசிலேட்டோரியா என்ற நீலப்பச்சைப் பாசியை நினைக்க வேண்டும்.

8. விட்டுவிட்டுத் துள்ளுகிறதா? மூட்டுள்ள கால்களும் நடுவில் ஒற்றைக் கண்ணும் இருந்தால் சைக்ளாப்ஸ். பெண்ணாக இருந்தால் இருபக்கமும் முட்டைப் பை தொங்கும்.

இங்கே ஓர் எச்சரிக்கை. உருவத்தைப் பெரிதாக்கும்போது வேகமும் அதே அளவு பெரிதாகிறது. பாரமீசியம் நொடிக்கு 1 மில்லிமீட்டர் போனால் 0.45 மில்லிமீட்டர் வட்டத்தை அரை நொடிக்குள் கடந்துவிடும். அதனால் குறைந்த பெருக்கத்திலேயே அசைவைப் பார்த்து முடித்துவிட்டு, பிறகு பெருக்கத்தைக் கூட்ட வேண்டும். துளியில் சில பஞ்சு இழைகளைப் போட்டால் வேகமான உயிர் அவற்றுக்கு நடுவில் மாட்டி நிதானப்படும்.

## அசைவதெல்லாம் உயிர் இல்லை

துளி ஓரத்தில் காயும்போது நீர் ஓடும், அதோடு தூசியும் ஓடும். எல்லாம் ஒரே திசையில் ஒரே வேகத்தில் போனால் அது நீரோட்டம். சிறு துகள்கள் இடம்விட்டுப் போகாமல் நடுங்கிக்கொண்டே இருந்தால் அது பிரௌனியன் அசைவு. நீர் மூலக்கூறுகள் நாலாபக்கமும் மோதுவதால் வருவது. 1827இல் ராபர்ட் பிரௌன் மகரந்தத்துக்குள்ளிருந்த துகள்களில் இதைப் பார்த்தார். உயிர்தானோ என்று சந்தேகப்பட்டு, உயிரில்லாத கனிமப் பொடியையும் வைத்துப் பார்த்தார். அதுவும் நடுங்கியது.

பிறை வடிவ டெஸ்மிட்டான குளோஸ்டீரியத்தில் இதை அழகாகப் பார்க்கலாம். இரண்டு நுனிகளிலும் ஒவ்வொரு சிறு குமிழ், அதற்குள் நுண்படிகங்கள் ஓயாமல் ஆடும். பாசி உயிருள்ளது, ஆடும் படிகங்கள் உயிரற்றவை.

காற்றுக் குமிழ்தான் புதியவர்களை அதிகம் ஏமாற்றுவது. கச்சிதமான வட்டம், தடித்த கறுப்பு விளிம்பு, உள்ளே ஒன்றுமில்லை. அப்படியிருந்தால் விட்டுவிடலாம். துணி இழை, மகரந்தம், பூச்சியின் செதில் ஆகியவையும் அடிக்கடி "புது உயிர்" ஆகிவிடுகின்றன.

## நிறமும் ஒரு சொட்டு அயோடினும்

பச்சையாக இருக்கிறது என்பதோடு நிற்கக் கூடாது. பச்சை எங்கே இருக்கிறது என்று பார்க்க வேண்டும். ஸ்பைரோகைராவில் அது செல்லுக்குள் நாடாவாகச் சுற்றியிருக்கும். யூக்ளினாவில் சிறு சிறு தட்டுகளாக, முன்முனையை ஒட்டி ஒரு சிவப்புக் கண்புள்ளியோடு. நீலப்பச்சைப் பாசியில் தனியாக எந்தப் பொதியும் இருக்காது, நிறம் செல் முழுக்கப் பரவியிருக்கும். பாரமீசியம் பச்சையாகத் தெரிந்தாலும் பதற வேண்டாம். பாரமீசியம் பர்சேரியா தன் உடலுக்குள் குளோரெல்லா பாசிகளைக் குடிவைத்திருக்கும் இனம்.

சந்தேகம் தீராவிட்டால் நீர்த்த அயோடின் ஒரு சொட்டை மூடுவில்லையின் (துளியை மூடும் மெல்லிய கண்ணாடித் துண்டின்) ஓரத்தில் விட்டு, எதிர்ப்பக்கம் தாளால் உறிஞ்ச வேண்டும். பச்சைப் பாசி மாவுச்சத்தைச் சேமிப்பது, ஆகவே கருநீலமாகும். நீலப்பச்சைப் பாசியும் யூக்ளினாவும் மாவுச்சத்து சேமிப்பதில்லை. அவை கருநீலமாகாது. அயோடின் உயிரைக் கொன்றுவிடும், அதனால் அசைவை எல்லாம் குறித்து முடித்த பிறகே இதைச் செய்ய வேண்டும்.

## எங்கே நிறுத்த வேண்டும்?

பெயருக்கு இரண்டு பகுதி உண்டு: பேரினம், சிற்றினம். பாரமீசியம் என்பது பேரினம், காடேட்டம் என்பது சிற்றினம். சாதாரண நுண்ணோக்கியில் பேரினம்வரை போவது நல்ல வேலை. அதற்கு மேல் போகும்போது தயக்கம் வேண்டும். ஏன் என்பதற்கு மூன்று காரணங்கள்.

1. பார்த்தது சரியாக இருந்தாலும் விளக்கம் தவறலாம். எரன்பெர்க் என்ற ஜெர்மானிய அறிஞர் இந்த உயிர்களுக்குச் சாயம் ஊட்டிப் பார்த்தார். உள்ளே சாயம் நிறைந்த பல குமிழ்கள் தெரிந்தன. அவற்றை வயிறுகள் என்று முடிவு செய்து, 1838இல் வெளியிட்ட பெருநூலில் இவற்றைப் பல வயிறு கொண்ட முழு விலங்குகள் என்று வகைப்படுத்தினார். அவர் பார்த்தவை உணவுக் குமிழ்கள். பார்வையில் அவருக்கு இணையாக அன்று வெகு சிலரே இருந்தார்கள். அப்படிப்பட்டவருக்கே அது நடந்தது.

2. தோற்றம் ஒன்றாக இருந்தும் இனம் வேறாக இருக்கலாம். பாரமீசியம் ஆரேலியா என்று நெடுங்காலம் ஒரே பெயரில் இருந்ததை, ஒன்றோடொன்று இணை சேராத 14 சிற்றினங்களாக 1975இல் சோன்போர்ன் பிரித்தார். கண்ணால் பார்த்து அவற்றைப் பிரிக்க வழியில்லை.

3. ஆபத்தானதும் ஆபத்தில்லாததும் ஒரே தோற்றத்தில் இருக்கலாம். செய்தியில் வரும் அமீபாவின் பெயர் நெக்லேரியா ஃபௌலேரி. அளவு 10 முதல் 15 மைக்ரான் அளவில்தான். விரல்விரலாகப் போலிக்கால் நீட்டி, 40 மடங்கு வில்லையில் வட்டத்தை நிறைக்கும் அமீபா நிச்சயமாக அது இல்லை. இவ்வளவைச் சொல்ல அளவு ஒன்றே போதும். ஆனால் 12 மைக்ரானில், நத்தை ஊர்வதுபோல் ஒரே மழுங்கிய முனையை நீட்டிப் போகும் சிறு அமீபா தெரிந்தால்? தீங்கற்ற சிற்றமீபாக்கள் பல இதே தோற்றத்தில் மண்ணிலும் நீரிலும் எங்கும் இருக்கின்றன. ஆய்வகத்தில் உயர்ந்த வெப்பநிலையில் வளர்த்து, மரபணுச் சோதனை செய்துதான் உறுதி சொல்கிறார்கள். ஆகவே "இதோ மூளையைத் தின்னும் அமீபா" என்ற படமும், "என் குளத்தில் அது இல்லை, பார்த்துவிட்டேன்" என்ற உறுதியும் இரண்டுமே ஏற்கத் தகாதவை. தொற்று வருவது நீர் மூக்குக்குள் ஏறும்போது, குடிப்பதால் இல்லை. வெதுவெதுப்பான தேங்கிய நீரில் மூக்குக்குள் நீர் புகாமல் பார்த்துக்கொள்வதுதான் தற்காப்பு.

## அடையாளம் தெரிவதால் என்ன நடக்கிறது?

பச்சைக் குளத்துக்குத் திரும்புவோம். படலத்தில் ஒரு துளி எடுத்துப் பார்த்தால் உருவமில்லாத கூழில் மிகச் சிறு உருண்டைகள் நூற்றுக்கணக்கில் பதிந்திருக்கின்றன. ஒவ்வொன்றும் 3 முதல் 6 மைக்ரான். உள்ளே வாயுப் பைகள் இருப்பதால் கறுப்புப் புள்ளியாகத் தெரிகின்றன. இது மைக்ரோசிஸ்டிஸ் என்ற நீலப்பச்சைப் பாசி. மிதக்க வைப்பது அந்த வாயுப் பைகள்தான்.

மைக்ரோசிஸ்டிஸில் சில வகைகள் கல்லீரலைத் தாக்கும் மைக்ரோசிஸ்டின் நச்சை உருவாக்கும், சில உருவாக்காது. இரண்டும் ஒரே தோற்றம். நுண்ணோக்கியின் பதில் இங்கே "இருக்கலாம், சோதியுங்கள்" என்பதுதான். அந்த அரைப் பதிலே பெரிய உதவி. 2014 ஆகஸ்டில் அமெரிக்காவின் டொலீடோ நகரில், ஈரி ஏரியில் பெருகிய இந்தப் பாசியின் நச்சு குடிநீரில் தெரியவந்து, ஏறக்குறைய ஐந்து லட்சம் பேர் இரண்டு மூன்று நாள் குழாய் நீரைக் குடிக்கக் கூடாது என்று அறிவிக்கப்பட்டது. காய்ச்சியும் குடிக்க முடியாது. கொதிக்க வைத்தால் நீர் குறையும், நச்சு அப்படியே நிற்கும். குடிநீரில் இந்த நச்சின் ஒரு முக்கிய வகைக்கு உலக சுகாதார நிறுவனம் தந்திருக்கும் வழிகாட்டு அளவு, நீண்டகாலப் பயன்பாட்டுக்கு, லிட்டருக்கு 1 மைக்ரோகிராம். ஆகவே படலம் கட்டிய குளத்தில் மைக்ரோசிஸ்டிஸ் தெரிந்தால், சோதனை முடிவு வரும்வரை மனிதரும் கால்நடையும் அந்த நீரிலிருந்து விலகி இருப்பதே சரி.

சைக்ளாப்ஸ் கதை வேறு மாதிரி. நரம்புச் சிலந்தி எனப்படும் கினிப்புழுவின் குஞ்சுகள் சைக்ளாப்ஸுக்குள் வளர்கின்றன. அந்த நீரைக் குடித்தவருக்கு நோய். எந்தச் சிற்றினம் என்ற ஆராய்ச்சி இல்லாமலே தடுப்பு கிடைத்தது. சைக்ளாப்ஸ் கண்ணுக்கே புள்ளியாகத் தெரியும் அளவு பெரியது, நெருக்கமாக நெய்த துணியில் வடிகட்டினால் தங்கிவிடும். இந்தியா 2000இல் அந்த நோயற்ற நாடாகச் சான்று பெற்றதில் இந்த எளிய அறிவுக்கும் பங்கு உண்டு.

ஒரே ஒரு உயிரைப் பார்த்துக் குளத்தின் தரத்தை முடிவு செய்வது மட்டும் கூடாது. யூக்ளினா கரிமக் கழிவு நிறைந்த நீரில் பெருகும் என்பது உண்மை. ஆனால் நல்ல குளத்திலும் நாலைந்து இருக்கும். பெருக்கம்தான் செய்தி, இருப்பு அல்ல.

## பிறரிடம் கேட்கும்போது

படம் மட்டும் அனுப்பினால் பதில் ஊகமாகத்தான் வரும். அளவு, பத்து நொடிக் காணொளி, எங்கிருந்து எப்போது எடுத்தது, அயோடின் போட்டால் என்ன ஆனது என்பதையும் சேர்த்து அனுப்ப வேண்டும். குறிப்பு இப்படி இருந்தால் போதும்:

"நீர்ச்செடி பிழிந்த நீர். எடுத்த அன்றே பார்த்தது. நீளம் சுமார் 220 மைக்ரான். நிறமில்லை. சுழன்றபடி நீந்துகிறது, முட்டினால் பின்வாங்கித் திரும்புகிறது. நட்சத்திரம்போல் விரிந்து சுருங்கும் குமிழ் இரண்டு. பாரமீசியம். சிற்றினம் அநேகமாக காடேட்டம், உறுதியில்லை."